கன்சோலில் இடம் தீர்ந்துவிட்டதா? கேம் ஸ்டோரேஜ் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆசையாக ஒரு கேமை வாங்கி டவுன்லோடு பட்டனை அழுத்தினால், 'போதிய இடம் இல்லை' என்று திரையில் வந்து நிற்கும். அந்த நேரத்துப் பதற்றத்தில் கண்ணில் பட்டதை அழித்துவிட்டு, மறுநாள் தலையில் கைவைத்து உட்கார்ந்தவர்கள் பலரை எனக்குத் தெரியும். பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ், நின்டெண்டோ ஸ்விட்ச், ஸ்விட்ச் 2 வைத்திருப்பவர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கேமைத் திரும்ப இறக்கிக்கொள்ளலாம். நீங்கள் வாரக்கணக்கில் ஆடிச் சேர்த்த சேவ், அதாவது ஆட்டத்தில் எதுவரை வந்தீர்கள் என்ற பதிவு, போனால் போனதுதான். இடத்தைப் பற்றி எந்த முடிவு எடுத்தாலும் இதை மனதில் வைத்துக்கொண்டு எடுங்கள்.

பெட்டியில் 1 டிபி என்று போட்டிருக்கிறது. கன்சோலில் ஏன் அவ்வளவு காட்டவில்லை?

உங்களை யாரும் ஏமாற்றவில்லை. இரண்டு காரணங்கள் உண்டு. முதலாவது, கன்சோலின் இயங்குதளமும் அது தனக்கென்று ஒதுக்கி வைக்கும் பகுதியும். எக்ஸ்பாக்ஸில் பல கேம்களை நடுவில் நிறுத்திவிட்டு, விட்ட இடத்திலிருந்தே தொடரும் 'குயிக் ரெஸ்யூம்' வசதி இருக்கிறதல்லவா? அதற்கும் டிஸ்கில் இடம் வேண்டும்.

இரண்டாவது, எண்ணும் முறை. டிஸ்க் தயாரிப்பாளர்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார்கள். பல சாதனங்கள் 1024 ஆக எண்ணுகின்றன. அந்தக் கணக்கில் 1 டிபி என்பது 931 ஜிபிதான்.

2020-இல் வந்த முதல் பிளேஸ்டேஷன் 5-இல் 825 ஜிபி. அதில் கேமுக்குக் கிடைப்பது சுமார் 667. எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸின் 1 டிபியில் சுமார் 802. சீரிஸ் எஸ்ஸின் 512 ஜிபியில் 364 மட்டுமே. சீரிஸ் எஸ் வைத்திருப்பவர்கள்தான் இந்தப் பிரச்சினையில் முதலில் மாட்டிக்கொள்கிறார்கள். பெரிய கேம் மூன்று நான்கு ஏற்றினாலே நிரம்பிவிடும்.

ஒரு கேம் எப்படி 100 ஜிபி, 150 ஜிபி என்று வீங்குகிறது?

பெரும்பகுதி படமும் ஒலியும்தான். சுவரின் காரை, சட்டையின் நெசவு, குதிரையின் ரோமம் என்று கேமில் தெரியும் ஒவ்வொரு பரப்பின் மேலும் ஒரு படம் போர்த்தப்பட்டிருக்கும். அதை டெக்ஸ்சர் என்கிறார்கள். 4கே டிவியில் கிட்டப் போய்ப் பார்த்தாலும் மங்காமல் இருக்க, டெக்ஸ்சரின் நீளத்தையும் அகலத்தையும் இரட்டிப்பாக்கினால், அது பிடிக்கும் இடம் நான்கு மடங்காகும். ஒரு கேமில் இப்படி ஆயிரக்கணக்கான டெக்ஸ்சர்கள். இதோடு ஐந்தாறு மொழிகளில் குரல், முன்கூட்டியே படமாக்கி வைத்த காட்சிகள்.

பலருக்குத் தெரியாத இன்னொரு காரணமும் உண்டு. அது எனக்கு மிகப் பிடித்த கதை. பழைய கன்சோல்களில் இருந்தது சுழலும் ஹார்ட் டிஸ்க். தகடு சுழல, அதை வாசிக்கும் முனை அங்குமிங்கும் நகர வேண்டும்; ஒவ்வொரு நகர்வுக்கும் நேரம் பிடிக்கும். ஒரு தெருவில் இருக்கும் பொருள்களின் தரவு டிஸ்கில் பத்து இடங்களில் சிதறிக் கிடந்தால், நீங்கள் அந்தத் தெருவுக்குள் நுழையும்போது கேம் திணறும். அதனால், எல்லாத் தெருவிலும் வரும் ஒரு தபால் பெட்டியை, அந்தந்தத் தெருவின் தரவோடு சேர்த்துத் திரும்பத் திரும்ப எழுதி வைத்தார்கள். பிளேஸ்டேஷன் 5-ஐ வடிவமைத்த மார்க் செர்னி, 2020 மார்ச்சில் அதன் அமைப்பை விளக்கிப் பேசியபோது, ஸ்பைடர்மேன் கேமில் சில தரவுகள் 400 முறை பிரதி எடுக்கப்பட்டிருந்ததாகச் சொன்னார்.

இப்போதைய கன்சோல்களில் இருப்பது எஸ்எஸ்டி என்ற சிப் வகைச் சேமிப்பகம். அதில் நகரும் பாகமே கிடையாது. எந்த மூலையில் இருந்தாலும் உடனே எடுத்துவிடலாம் என்பதால் பிரதிகள் தேவையில்லை. இந்த மாற்றம் எவ்வளவு மிச்சம் பிடிக்கும் என்பதற்கு, கணினியில் நடந்த ஒரு உதாரணம் போதும். ஹெல்டைவர்ஸ் 2 கேமின் கணினிப் பதிப்பு, ஹார்ட் டிஸ்க் வைத்திருப்பவர்களுக்காகப் பிரதிகளைச் சுமந்துகொண்டு 150 ஜிபியைத் தாண்டி இருந்தது. 2025 இறுதியில் பிரதிகளை நீக்கினார்கள். கேம் சுமார் 23 ஜிபிக்கு வந்துவிட்டது. ஆட்டத்தில் எதுவும் குறையவில்லை.

நான் கடையில் கேம் டிஸ்க் வாங்கித்தான் ஆடுகிறேன். எனக்கு எதற்கு இடப் பிரச்சினை?

இந்தத் தலைமுறை கன்சோல்களில் டிஸ்கிலிருந்து கேம் நேரடியாக ஓடாது. டிஸ்கில் இருப்பது முழுவதும் எஸ்எஸ்டிக்குப் பிரதி எடுக்கப்பட்ட பிறகே ஆட்டம் தொடங்கும். அதன் பிறகு டிஸ்க், 'இந்தக் கேம் இவரிடம் இருக்கிறது' என்று காட்டும் சாவி மட்டுமே. டவுன்லோடு நேரம் குறையுமே தவிர இடம் குறையாது.

ஸ்விட்ச் கார்ட்ரிட்ஜ் வேறு. பெரும்பாலான கேம்கள் கார்ட்ரிட்ஜிலிருந்தே ஓடும். அப்டேட் மட்டும் உள்ளே ஏறும். ஆனால் ஸ்விட்ச் 2-இல் 'கேம் கீ கார்டு' என்று ஒரு வகை வருகிறது. அதற்குள் கேமே இருக்காது, முழுவதையும் இறக்கிக்கொள்ள வேண்டும். ஆடும்போது கார்டும் உள்ளே இருக்க வேண்டும். கேம் பெட்டியின் முன்பக்கத்திலேயே இந்தக் குறிப்பு இருக்கும். வாங்கும் முன் பார்த்துக்கொள்ளுங்கள்.

கேமை அழித்தால் என் சேவும் போய்விடுமா?

போகாது. இந்தக் கன்சோல்கள் எல்லாவற்றிலும் கேம் வேறு, சேவ் வேறு. கேமை அழித்து ஆறு மாதம் கழித்து மறுபடி ஏற்றினாலும் விட்ட இடத்திலிருந்தே தொடரலாம்.

ஆபத்து வருவது, 'சேவ் டேட்டா' என்று தனியாக இருக்கும் பகுதிக்குள் போய் அங்கே அழிக்கும்போதுதான். என் அக்கா மகன் ஒரு விடுமுறையில் அப்படித்தான் செய்தான். புதுக் கேமுக்கு இடம் வேண்டும் என்று மெனுவுக்குள் மெனுவாகப் போய், பட்டியலில் இருந்த எல்லாவற்றையும் டிக் செய்து அழித்துவிட்டான். எண்பது மணி நேரம் ஆடிய ஒரு ஆர்பிஜி வகைக் கேமின் சேவ் அதில் இருந்தது. அவனுக்குக் கிடைத்த இடம் 200 எம்பிகூட இல்லை. அன்று மாலை முழுக்க அவன் பேசவே இல்லை. மறுபடி முதலிலிருந்து ஆட மனமில்லாமல் அந்தக் கேமையே விட்டுவிட்டான்.

அதனால் சொல்கிறேன்: சேவ்கள் பெரும்பாலும் சில எம்பி முதல் சில நூறு எம்பி வரைதான் இருக்கும். அங்கே கை வைத்து இடம் தேடுவதில் ஒரு பலனும் இல்லை.

எக்ஸ்பாக்ஸில் சேவ்கள் தாமாகவே கிளவுடுக்கு, அதாவது இணையச் சேமிப்புக்கு, போய்விடும். அதற்குக் கட்டணம் இல்லை. ஆனால் அங்கே சேவ்களை அழிக்கப் போனால் 'கன்சோலில் மட்டும்', 'எல்லா இடத்திலும்' என்று இரண்டு வாய்ப்புகள் வரும். இரண்டாவதைத் தொடாதீர்கள், கிளவுடில் இருப்பதும் போய்விடும். பிளேஸ்டேஷன் 5-இல் கிளவுடு வேண்டுமானால் பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா வேண்டும். பிளேஸ்டேஷன் 4 கேம்களின் சேவ்களை யூஎஸ்பியில் எடுத்து வைக்க முடியும். பிளேஸ்டேஷன் 5 கேம்களின் சேவ்களை அப்படித் தனித்தனியாக எடுக்க முடியாது. செட்டிங்ஸில் உள்ள முழு பேக்கப் வழியாகத்தான் யூஎஸ்பிக்குக் கொண்டுபோக முடியும்.

ஸ்விட்ச்தான் கொஞ்சம் கவலை தருவது. மெமரி கார்டு போட்டிருந்தாலும் சேவ் எப்போதும் கன்சோலின் உள் நினைவகத்திலேயே இருக்கும். கன்சோல் பழுதானால் கார்டைக் கழற்றி வைத்திருப்பதால் சேவ் பிழைக்காது. கிளவுடுக்கு ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா வேண்டும். சில கேம்கள் அதிலும் சேராது. ஒவ்வொரு கேமுக்கும் அது சேர்கிறதா என்று பார்த்துவிடுவது நல்லது.

சரி, இடம் வேண்டும். எதிலிருந்து தொடங்குவது?

பட்டியலை அளவு வாரியாக அடுக்குங்கள். மேலே நிற்கும் மூன்று கேம்களில் ஒன்றையாவது நீங்கள் இரண்டு மாதமாகத் திறந்திருக்கவே மாட்டீர்கள். பத்துச் சின்னக் கேம்களை அழிப்பதைவிட அந்த ஒன்றை அழிப்பது மேல். சின்னக் கேம்கள் இருந்துவிட்டுப் போகட்டும். கால் மணி நேரம் கிடைத்தால் ஆடுவது அவற்றைத்தானே.

கேமையே அழிப்பதற்கு முன் அதன் பகுதிகளைப் பாருங்கள். கால் ஆஃப் டூட்டி போன்ற கேம்களில் கதைப் பகுதி, மல்டிபிளேயர் இரண்டும் தனித்தனித் துண்டுகளாக வரும். கதையை முடித்துவிட்டு நண்பர்களோடு மட்டும் ஆடுகிறவருக்குக் கதைப் பகுதி வெறும் சுமை. பிளேஸ்டேஷன் 5-இல் கேமின் மேல் நின்று ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்தினால் கேமின் உள்ளடக்கத்தை நிர்வகிக்கும் வரி வரும். எக்ஸ்பாக்ஸில் மெனு பட்டனை அழுத்தினால் கேமையும் ஆட்-ஆன்களையும் நிர்வகிக்கும் வரி வரும். எல்லாக் கேமிலும் இப்படிப் பிரிக்க முடியாது. பிரிக்க முடிகிற இடத்தில் பத்து, இருபது ஜிபி எளிதாகக் கிடைக்கும்.

பிளேஸ்டேஷன் 5-இல் இன்னும் இரண்டு இடங்களைப் பாருங்கள். ஒன்று, ஒரே கேமின் பிளேஸ்டேஷன் 4 பதிப்பும் 5 பதிப்பும் சேர்ந்து ஏறியிருப்பது. தெரியாமலே இப்படி ஆகிவிடும். இரண்டாவது, கேமில் ஏதாவது சாதித்து கோப்பை (டிராபி) கிடைக்கும்போதெல்லாம் கன்சோல் தானாக எடுத்து வைக்கும் படங்களும் வீடியோக்களும். ஒவ்வொன்றும் சின்னதுதான், ஆனால் வருடக்கணக்கில் சேர்ந்தால் ஒரு நடுத்தரக் கேம் அளவுக்கு வந்துவிடும். 'கேப்ச்சர்ஸ் அண்ட் பிராட்காஸ்ட்ஸ்' செட்டிங்ஸில் கோப்பை வீடியோவை நிறுத்திவிடலாம். நான் என் கன்சோலில் செய்த முதல் மாற்றமே அதுதான்.

ஸ்விட்சில் 'ஆர்க்கைவ்' என்று ஒரு வசதி இருக்கிறது. கேமின் தரவு போகும், ஐகான் மட்டும் திரையில் நிற்கும். பிறகு அதை அழுத்தினால் இறங்கத் தொடங்கும். என்னென்ன கேம் வாங்கினோம் என்பது மறக்காமல் இருக்க நல்ல வழி.

10 ஜிபி அப்டேட்டுக்கு 20 ஜிபி காலியாக இருக்கிறது. ஆனாலும் இடம் போதாது என்கிறதே?

சில அப்டேட்கள் பழைய ஃபைலின் மேல் நேரடியாக எழுதாது. பக்கத்தில் புதிதாக ஒன்றைக் கட்டி, எல்லாம் சரியாக இருந்தால் பழையதை நீக்கும். நடுவில் மின்சாரம் போனாலும் கேம் கெடாமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு. பிளேஸ்டேஷன் 4-இல் இது மிக மோசம். ஒரு பெரிய கேமின் அப்டேட்டுக்குக் கேமின் அளவுக்கே காலி இடம் கேட்கும். இப்போது அவ்வளவு இல்லை. இருந்தாலும் எப்போதும் 50 ஜிபியாவது சும்மா விட்டு வையுங்கள்.

யூஎஸ்பி ஹார்ட் டிஸ்க் வாங்கி மாட்டினால் போதாதா?

எதற்கு என்பதைப் பொறுத்தது. பிளேஸ்டேஷன் 4 கேம்கள் யூஎஸ்பி டிஸ்கிலிருந்தே ஓடும். எக்ஸ்பாக்ஸ் ஒன், 360, முதல் எக்ஸ்பாக்ஸ் கேம்களும் அப்படியே. ஆனால் இந்தத் தலைமுறைக்கென்று செய்யப்பட்ட கேம்களை அதில் வைத்திருக்கலாமே தவிர அங்கிருந்து ஆட முடியாது. காரணம் வேகம். பிளேஸ்டேஷன் 5-இன் உள் எஸ்எஸ்டி நொடிக்கு 5.5 ஜிபி வாசிக்கும். சீரிஸ் எக்ஸின் எஸ்எஸ்டி 2.4 ஜிபி. 5 ஜிபிபிஎஸ் (நொடிக்கு 5 கிகாபிட்; எட்டு பிட் சேர்ந்தது ஒரு பைட்) யூஎஸ்பி வழியாக, காகிதக் கணக்கிலேயே நொடிக்கு 625 எம்பிக்கு மேல் போகாது. சுழலும் ஹார்ட் டிஸ்க் என்றால் அதில் நாலில் ஒரு பங்குகூடத் தேறாது.

இதனால் யூஎஸ்பி டிஸ்க் வீண் என்று நினைக்காதீர்கள். அதைப் பரண் மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். ஆடாத கேமை அழிக்காமல் அங்கே நகர்த்திவிட்டு, வேண்டும்போது உள்ளே இழுத்துக்கொள்ளலாம். நொடிக்கு 100 எம்பி வாசிக்கும் டிஸ்கிலிருந்து 100 ஜிபி கேம் சுமார் 17 நிமிடத்தில் திரும்பி வந்துவிடும். டவுன்லோடு வரம்பு உள்ள இணைப்பு வைத்திருப்பவர்களுக்கு இதைவிட நல்ல வழி கிடையாது.

பிளேஸ்டேஷன் 5-க்குக் குறைந்தது 250 ஜிபி, அதிகபட்சம் 8 டிபி டிஸ்க் ஏற்கும். நடுவில் யூஎஸ்பி ஹப் வைக்கக் கூடாது. முதல் மாடலில் முன்பக்கம் இருக்கும் அகலமான யூஎஸ்பி துளை மெதுவானது. பின்பக்கத் துளையில் செருகுங்கள். எக்ஸ்பாக்ஸுக்கு 128 ஜிபிக்கு மேல், யூஎஸ்பி 3.0 இருக்க வேண்டும். எதுவானாலும் முதல் தடவை ஃபார்மேட் கேட்கும். டிஸ்கில் குடும்பப் படங்கள் இருந்தால் அதற்கு முன்பே வேறு இடத்துக்கு மாற்றிவிடுங்கள்.

பிளேஸ்டேஷன் 5-க்கு எம்.2 எஸ்எஸ்டி வாங்கப் போகிறேன். எதையெல்லாம் பார்க்க வேண்டும்?

எம்.2 என்பது கன்சோலுக்குள் செருகும் பட்டை வடிவ எஸ்எஸ்டி. அதன் விவரத்தில் என்விஎம்ஈ, பிசிஐஇ ஜென் 4 என்ற இரண்டும் இருக்க வேண்டும். பார்ப்பதற்கு அதே வடிவில் இருக்கும் எம்.2 சாட்டா வகை வேலை செய்யாது. மலிவாகக் கிடைக்கிறதே என்று ஏமாந்துவிடாதீர்கள். வாசிக்கும் வேகம் நொடிக்கு 5,500 எம்பிக்கு மேல் இருக்க வேண்டும் என்று சோனி பரிந்துரைக்கிறது. அளவு 250 ஜிபி முதல் 8 டிபி வரை. சூட்டை வெளியேற்றும் உலோகத் துண்டான ஹீட்சிங்க் கட்டாயம். அதையும் சேர்த்து அகலம் 25 மிமீ, உயரம் 11.25 மிமீக்குள் அடங்க வேண்டும். கணினிக்கென்று விற்கும் பெரிய ஹீட்சிங்க்குகள் இதற்குள் அடங்காது, மூடியை மூட முடியாமல் போகும்.

இருப்பதிலேயே வேகமானதைத் தேடிப் பணத்தைக் கொட்ட வேண்டாம் என்பது என் கருத்து. நொடிக்கு 7,000 எம்பி வேகமுள்ளதை வாங்கினாலும் லோடிங்கில் கண்ணுக்குத் தெரியும் வித்தியாசம் வராது. அந்தப் பணத்தைக் கூடுதல் இடத்துக்குப் போடுங்கள்.

அதை நானே மாட்ட முடியுமா?

தாராளமாக. ஒரு சின்ன நட்சத்திர ஸ்க்ரூடிரைவர் போதும். கன்சோலை முழுவதும் அணைத்து, எல்லா ஒயரையும் கழற்றி, சூடு ஆறும் வரை விடுங்கள். மேசை மேல் மெத்தென்ற துணி விரித்துப் படுக்க வையுங்கள். வெளி மூடி ஸ்க்ரூ இல்லாமல் கிளிப்பில்தான் நிற்கிறது; மூலையை லேசாகத் தூக்கி நகர்த்தினால் 'டக்' என்று கழன்று வரும். முதல் தடவை ஏதோ உடைந்துவிட்டது போலவே கேட்கும், பயப்படாதீர்கள்.

உள்ளே நீளமான ஒரு உலோகத் தகடு, ஒரே ஒரு ஸ்க்ரூ. அதைக் கழற்றினால் எஸ்எஸ்டிக்கான இடம் தெரியும். அங்கே ஒரு குட்டி ஸ்க்ரூவும் அதற்கடியில் ஒரு வளையமும் இருக்கும். உங்கள் எஸ்எஸ்டியின் நீளத்துக்கேற்ற துளைக்கு அந்த வளையத்தை மாற்ற வேண்டும். பெரும்பாலும் 80 என்று எழுதியிருக்கும் துளை. இந்த வளையம் விரல் நுனியில் ஒட்டிக்கொண்டு எங்கேயாவது விழுந்துவிடும். வெளிச்சமான இடத்தில் உட்கார்ந்து செய்யுங்கள். எஸ்எஸ்டியின் விளிம்பில் உள்ள வெட்டைத் துளையோடு பொருத்தி, சாய்வாகச் செருகி, மறுமுனையை மெல்ல அழுத்திப் படுக்கவைத்து ஸ்க்ரூவை முடுக்குங்கள். செருகும்போது பலம் தேவைப்பட்டால் கோணம் தவறு என்று அர்த்தம். வெளியே எடுத்து மறுபடி செருகுங்கள்.

மூடிவிட்டு ஆன் செய்தால் ஃபார்மேட் செய்யச் சொல்லும், வேகத்தையும் அளந்து காட்டும். அதன் பிறகு செட்டிங்ஸில் எந்தக் கேம் எங்கே ஏற வேண்டும் என்று தனித்தனியாகச் சொல்லிவிடலாம்: பிளேஸ்டேஷன் 5 கேம்கள் எம்.2-வுக்கு, 4 கேம்கள் யூஎஸ்பி டிஸ்குக்கு. இதைச் செய்துவிட்டால் அப்புறம் எதையும் நகர்த்த வேண்டிவராது.

எக்ஸ்பாக்ஸிலும் இப்படி எம்.2 மாட்டலாமா?

முடியாது. அதற்கென்றே வரும் எக்ஸ்பேன்ஷன் கார்டைத்தான் வாங்க வேண்டும். சீகேட்டும் வெஸ்டர்ன் டிஜிட்டலும் தயாரிக்கிறார்கள். அதே கொள்ளளவுள்ள எம்.2-வைவிட விலை கூடுதலாகத்தான் இருக்கும். ஆனால் ஸ்க்ரூடிரைவர் வேலை இல்லை. கன்சோலின் பின்னால் செருகினால் முடிந்தது. உள் எஸ்எஸ்டியின் வேகத்தில் எல்லாக் கேமும் ஓடும். கார்டை நண்பர் வீட்டுக்கு எடுத்துப் போய் உங்கள் கணக்கில் நுழைந்தும் ஆடலாம்.

ஸ்விட்சுக்கு எந்த மெமரி கார்டு?

பழைய ஸ்விட்சுக்கும் ஓலெட் மாடலுக்கும் சாதாரண மைக்ரோ எஸ்டி போதும், யூஹெச்எஸ்-1 வகை, 2 டிபி வரை. முறையே 32, 64 ஜிபி மட்டுமே உள்ளே இருப்பதால் கார்டு இல்லாமல் காலம் தள்ள முடியாது.

2025 ஜூனில் வந்த ஸ்விட்ச் 2-இல் உள்ளேயே 256 ஜிபி இருக்கிறது. ஆனால் அது மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் கார்டை மட்டுமே ஏற்கும். பழைய கார்டைப் போட்டால் அதிலுள்ள படங்களையும் வீடியோக்களையும் எடுக்கலாம், கேம் வைக்க முடியாது. இரண்டும் ஒரே அளவு, ஒரே வடிவம். கார்டின் மேல் 'இஎக்ஸ்' என்ற குறி இருக்கிறதா என்று பாருங்கள்.

கார்டு விஷயத்தில் போலிகள் ஏராளம். நான் ஒருமுறை ஆன்லைனில், பாதி விலைக்குக் கிடைத்த பெரிய கார்டு ஒன்றை வாங்கினேன். மாட்டியதும் முழு அளவையும் காட்டியது. முதல் சில கேம்கள் நன்றாக ஓடின. அப்புறம் ஒவ்வொன்றாக 'தரவு சிதைந்துவிட்டது' என்று வரத் தொடங்கியது. உள்ளே இருந்தது சின்ன சிப். பெரிய கார்டு என்று பொய் சொல்லும்படி மாற்றியிருக்கிறார்கள். இடம் தீர்ந்ததும் புதிய தரவு பழையதன் மேலேயே விழுந்திருக்கிறது. இப்போதெல்லாம் எந்தக் கார்டு வாங்கினாலும் முதலில் கணினியில் போட்டு, எச்2டெஸ்ட்டபிள்யூ அல்லது எஃப்3 என்ற இலவச நிரலால் முழுக் கார்டையும் எழுதி வாசித்துப் பார்த்த பிறகே கன்சோலுக்குள் விடுகிறேன். சில மணி நேரம் ஆகும், ஆனால் பொய் அதில் தப்பாது.

அடிக்கடி அழித்து ஏற்றினால் எஸ்எஸ்டி தேய்ந்துவிடாதா?

எழுத எழுத எஸ்எஸ்டி தேயும் என்பது உண்மைதான். ஆனால் கணக்கைப் பாருங்கள். 1 டிபி எஸ்எஸ்டிகள் பலவற்றுக்கு 600 டிபி வரை எழுதலாம் என்று உத்தரவாதம் இருக்கிறது. தினம் ஒரு 100 ஜிபி கேமை ஏற்றி அழித்தாலும் அந்த அளவைத் தொட 6,000 நாள், அதாவது பதினாறு வருடம் ஆகும். இந்தக் கவலையை விட்டுவிடலாம்.

அழித்தால் மறுபடி இறக்க எவ்வளவு நேரம் ஆகும்?

இணைப்பின் வேகம் பிட்டில் சொல்லப்படுவதால், அதை எட்டால் வகுத்துக்கொள்ளுங்கள். 100 எம்பிபிஎஸ் என்றால் நொடிக்கு 12.5 எம்பி, 100 ஜிபி கேமுக்கு இரண்டே கால் மணி நேரம். 40 எம்பிபிஎஸ் என்றால் ஐந்தரை மணி நேரம். இது கேபிளில் கிடைக்கும் கணக்கு. வைஃபையில் இன்னும் நீளும். ராத்திரி படுக்கப் போகும்போது தொடங்கிவிடுவதுதான் நல்லது. பிளேஸ்டேஷன் 5-இல் ரெஸ்ட் மோடில் இணையம் துண்டிக்காமல் இருக்கும்படி செட்டிங்ஸில் வைத்திருந்தால் கன்சோல் தூங்கும்போதும் இறங்கும்.

நான் எதையும் ஏற்றவில்லை. ஆனாலும் 'மற்றவை' என்ற பகுதி வளர்ந்துகொண்டே போகிறதே?

பாதியில் நின்ற டவுன்லோடுகள், தற்காலிக ஃபைல்கள் போன்றவை அங்கே தங்கியிருக்கலாம். முதலில் டவுன்லோடு வரிசையைத் திறந்து, அங்கே தொங்கிக்கொண்டிருப்பதை ரத்து செய்யுங்கள். பிளேஸ்டேஷன் 5 என்றால் சேஃப் மோடுக்குள் போகலாம்: அணைத்த பிறகு பவர் பட்டனை அழுத்திப் பிடித்தால் ஒரு பீப் கேட்கும், சுமார் ஏழு நொடியில் இரண்டாவது பீப். அப்போது விட்டுவிட்டு, கன்ட்ரோலரை யூஎஸ்பி ஒயரால் இணையுங்கள். வரும் பட்டியலில் ஐந்தாவது வரியில் கேச்சை (தற்காலிக ஃபைல்களை) அழிப்பதும் டேட்டாபேஸைச் சீரமைப்பதும் இருக்கும். இரண்டும் கேம்களையோ சேவ்களையோ தொடாது. அதற்குக் கீழே இருக்கும் ரீசெட் வரிகள் அப்படியில்லை, அங்கே விரல் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

எந்தக் கேமையாவது அழிக்கவே கூடாது என்று உண்டா?

உண்டு. வாங்கிய கேம் ஸ்டோரிலிருந்து நீக்கப்பட்டாலும் வாங்கியவர்கள் திரும்ப இறக்கிக்கொள்ள முடிவதுதான் வழக்கம். நின்டெண்டோ 3டிஎஸ், வீ யூ ஸ்டோர்களில் 2023 மார்ச்சோடு விற்பனை நின்ற பிறகும் முன்பு வாங்கியதை இறக்க முடிந்தது. ஆனால் இது வழக்கம்தான், உறுதி இல்லை. 2014-இல் பிளேஸ்டேஷன் 4-க்கு இலவசமாக வந்த பி.டி. என்ற திகில் டெமோவை 2015-இல் ஸ்டோரிலிருந்து எடுத்தார்கள். இடத்துக்காக அதை அழித்தவர்களால் மறுபடி இறக்கவே முடியவில்லை. அதை வைத்திருந்த கன்சோல்கள் தனி விலைக்கு விற்றன.

எனவே ஸ்டோரில் தேடியும் கிடைக்காத கேம், டெமோ ஏதாவது உங்களிடம் இருந்தால் அதை அழிக்காமல் யூஎஸ்பி டிஸ்குக்கு நகர்த்துங்கள்.

கன்சோலை விற்றுவிட்டுப் புதியது வாங்குகிறேன். என்ன செய்ய வேண்டும்?

பழையது கையில் இருக்கும்போதே புதியதைப் பக்கத்தில் வைத்து, ஒரே நெட்வொர்க்கில் இணைத்து நேரடியாக மாற்றுங்கள். பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் மூன்றிலுமே இந்த வசதி இருக்கிறது. யூஎஸ்பி டிஸ்கைக் கழற்றிப் புதியதில் செருகி, அதே கணக்கில் நுழைந்தால் கேம்கள் அப்படியே வரும். எம்.2 மட்டும் அப்படி வராது, வேறு கன்சோலில் போட்டால் மறுபடி ஃபார்மேட் கேட்கும்.

பிறகு நீங்கள் விரும்பி ஆடும் மூன்று நான்கு கேம்களைப் புதிய கன்சோலில் ஒவ்வொன்றாகத் திறந்து, சேவ் லோடு ஆகிறதா என்று ஆடிப் பாருங்கள். பட்டியலில் பெயர் இருக்கிறதே என்று விட்டுவிடாதீர்கள். ஆடிப் பார்த்த பிறகு பழையதை ரீசெட் செய்யுங்கள்.